சிறுபடங்களின் அரசியும் சேலத்து ஸ்டுடியோவும்: மேரி வின்ட்சரின் நடிப்பு வாழ்க்கை

1952ஆம் ஆண்டு அமெரிக்கத் திரையரங்குகளில் 'தி ஜங்கிள்' என்ற சிறிய படம் வெளியானது. ஓடும் நேரம் ஒன்றேகால் மணிக்கும் குறைவு. தயாரித்த நிறுவனங்கள் இரண்டு: கலிஃபோர்னியாவின் லிப்பர்ட் நிறுவனம், சேலம் ஏற்காடு சாலையில் இருந்த மாடர்ன் தியேட்டர்ஸ். தமிழில் அதற்குக் 'காடு' என்று பெயர். இந்திய-அமெரிக்கக் கூட்டுத் தயாரிப்பின் தொடக்ககால முயற்சிகளுள் இது முக்கியமானது. ராட் கேமரன், சீசர் ரொமேரோ, மேரி வின்ட்சர் ஆகிய மூன்று ஹாலிவுட் நடிகர்களோடு எம்.என். நம்பியார், டேவிட், சுலோசனா போன்ற இந்தியக் கலைஞர்களும் அதில் நடித்தனர்.

மாடர்ன் தியேட்டர்ஸைப் பற்றிய கட்டுரைகளில் இந்தப் படத்துக்கு ஒரு வரி கிடைக்கும். அந்த வரியில் மேரி வின்ட்சரின் பெயர் பெரும்பாலும் இருக்காது. ஹாலிவுட்டில் அவரைப் 'பி படங்களின் ராணி' என்று அழைத்தார்கள். பட்டம் பெரியது, புகழ் சிறியது. ஏறத்தாழ அரை நூற்றாண்டு நடித்த ஒரு திறமைசாலி ஏன் சிறுபடங்களின் வட்டத்துக்குள்ளேயே இருந்தார்? அவருடைய வரலாற்றில் சேலத்துக்கு என்ன இடம்? இந்த இரண்டு கேள்விகளையும் சேர்த்துப் பார்த்தால் ஓர் உண்மை தெரிகிறது. குறைந்த செலவுப் படங்களின் நடிகர்கள் மறக்கப்படுவதற்குத் திறமைக் குறைவு காரணம் இல்லை. படங்கள் விற்கப்பட்ட முறையே அவர்களுடைய பெயர்களை மறைத்தது.

இரண்டாம் படத்தின் கணக்கு

1930களின் பொருளாதார மந்தத்தில் அமெரிக்கத் திரையரங்குகள் ஒரே டிக்கெட்டில் இரண்டு படங்கள் காட்டத் தொடங்கின. முதல் படத்தில் நட்சத்திரம் இருக்கும். அதன் வசூலில் தயாரிப்பாளருக்கு விகிதப்படி பங்கு உண்டு. இரண்டாம் படத்துக்கு அப்படியில்லை. ஒரு தொகையை வாடகையாகக் கொடுத்துத் திரையரங்கு அதை எடுத்துக்கொள்ளும். கூட்டம் நிரம்பி வழிந்தாலும் தயாரிப்பாளருக்கு ஒரு காசு கூடாது. அரங்கு காலியாக இருந்தாலும் குறையாது.

இந்த வாடகை முறைதான் 'பி படம்' என்ற வகையின் எல்லா இயல்புகளையும் தீர்மானித்தது. வருமானம் முன்கூட்டியே தெரிந்துவிடுவதால் செலவை அதற்குக் கீழே நிறுத்தியாக வேண்டும். ஆகவே ஒன்றிரண்டு வாரப் படப்பிடிப்பு, ஏற்கெனவே போட்ட அரங்குகள், பழைய உடைகள், முதல் முறையிலேயே சரியாக நடித்துவிடும் நடிகர்கள். கடைசியில் சொன்னது மிக முக்கியம். பெரிய படத்தில் ஒரு காட்சியை இருபது முறை எடுக்கலாம். சிறுபடத்தில் இரண்டாவது முறைக்கே ஃபிலிம் கணக்குப் பார்ப்பார்கள். வசனம் மனப்பாடமாகி, கேமரா எங்கே இருக்கிறது, ஒளி எங்கே விழுகிறது என்று அறிந்து, வந்து நின்றவுடன் பாத்திரமாக மாறக்கூடியவரே அங்கே பிழைக்க முடியும்.

1948இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பெரிய ஸ்டுடியோக்கள் திரையரங்குகளைத் தம் பிடியில் வைத்திருப்பதற்கு எதிராகத் தீர்ப்பளித்தது. அதற்குப் பின் பெரிய நிறுவனங்கள் சிறுபடங்களிலிருந்து மெல்ல விலகின. அந்த இடத்தைச் சுதந்திரத் தயாரிப்பாளர்கள் பிடித்தார்கள். அவர்களுள் ஒருவர் ராபர்ட் லிப்பர்ட். அடிப்படையில் அவர் திரையரங்கு முதலாளி. தம் அரங்குகளுக்கு மலிவாகப் படம் வேண்டும் என்பதற்காகத் தயாரிப்பில் இறங்கியவர். 'ராக்கெட்ஷிப் எக்ஸ்-எம்', சாமுவேல் ஃபுல்லரின் 'தி ஸ்டீல் ஹெல்மெட்' போன்றவை அவர் நிறுவனத்திலிருந்து வந்தவை.

உயரமே குறையானபோது

மேரி வின்ட்சர் 1919 டிசம்பரில் யூட்டா மாநிலத்தின் மேரிஸ்வேல் என்ற சிற்றூரில் பிறந்தார். இயற்பெயர் எமிலி மேரி பெர்டல்சன். மார்மன் சமயக் குடும்பம். உள்ளூர் அழகிப் போட்டிகளில் வென்று, பிரிகாம் யங் பல்கலைக்கழகத்தில் படித்து, பிறகு ஹாலிவுட் சென்று மரியா ஊஸ்பென்ஸ்கயாவிடம் நடிப்புப் பயின்றார். மாஸ்கோ கலை அரங்கில் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் முறையில் வளர்ந்த ஆசிரியை அவர். மலிவுப் படங்களின் நடிகை என்றதும் பயிற்சி இல்லாத ஒருவரை நினைக்கிறோம். வின்ட்சரின் பயிற்சி உலகின் மிகத் தீவிரமான நடிப்பு மரபிலிருந்து வந்தது.

1941 முதல் துண்டு வேடங்கள், வானொலி, நியூயார்க் மேடை என்று காலம் கழிந்தது. 1940களின் பிற்பகுதியில் எம்ஜிஎம் ஒப்பந்தம் கிடைத்தது. அங்கும் 'சாங் ஆஃப் தி தின் மேன்', 'தி த்ரீ மஸ்கெட்டியர்ஸ்' போன்ற படங்களில் சிறு வேடங்களே. 1948இல் வந்த 'ஃபோர்ஸ் ஆஃப் ஈவில்' அவரைக் கவனிக்க வைத்தது. ஆனால் ஒரு தடை இருந்தது. அவர் உயரம் ஐந்தடி ஒன்பது அங்குலம். அன்றைய நாயகர்கள் பலர் அவர் பக்கத்தில் நின்றால் குள்ளமாகத் தெரிவார்கள். ஜார்ஜ் ராஃப்ட் போன்ற நாயகர்களோடு நடித்தபோது முழங்காலை மடித்து உயரத்தைக் குறைத்துக்கொண்டதை அவரே பிற்காலப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

காதலி வேடங்கள் கை நழுவியதும் அவர் முன் இருந்தவை இரண்டே: துப்பாக்கி ஏந்தும் வெஸ்டர்ன் படப் பெண், துரோகம் செய்யும் அழகி. இரண்டையும் அவர் முழு மனத்தோடு ஏற்றார். 1949இல் 'ஹெல்ஃபயர்' படத்தில் கொள்ளைக்காரியாக வந்தார். நல்ல குதிரையேற்றக்காரியான அவருக்கு அந்த வேடம் பொருந்தியது. 1951இல் லிப்பர்ட்டின் 'லிட்டில் பிக் ஹார்ன்'. அதே லிப்பர்ட் நிறுவனத்தின் சேலத்துப் படத்திலும் அவர் நடித்தார்.

ஏற்காடு சாலையின் ஒழுங்கு

மாடர்ன் தியேட்டர்ஸை 1935இல் நிறுவிய டி.ஆர். சுந்தரம் இன்றைய நாமக்கல் மாவட்டத்தின் திருச்செங்கோட்டுக்காரர். நூல், நெசவு வணிகத்தில் ஊறிய குடும்பம். நெசவுத் தொழில்நுட்பம் படிக்க இங்கிலாந்தின் லீட்ஸ் நகருக்குப் போனவர். ஆலை நடத்தக் கற்ற மனிதர் சினிமாவுக்கு வந்ததால், சினிமாவையும் ஆலை ஒழுங்கோடு நடத்தினார். சேர்வராயன் மலையடிவாரத்தில் ஒரே வளாகத்தில் படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, படத்தொகுப்பு, லேப் எல்லாம் இருந்தன. எழுத்தாளர்களும் நடிகர்களும் தொழில்நுட்பக்காரர்களும் பலர் மாதச் சம்பளத்தில் சேலத்திலேயே தங்கி வேலை செய்தார்கள். எல்லாரும் அவரை 'முதலாளி' என்றே அழைத்தார்கள். நேரம் தவறுவது அங்கே நடக்காத காரியம்.

அந்த ஒழுங்கின் விளைச்சல் பெரியது. 1937இல் 'சதி அகல்யா'வில் தொடங்கி நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' 1938இல் இங்கே பிறந்தது. 1940இல் பி.யு. சின்னப்பா இரட்டை வேடமிட்ட 'உத்தமபுத்திரன்'. 1950இல் கருணாநிதியின் வசனத்தில் 'மந்திரி குமாரி'. 1956இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்'. சென்னையிலிருந்து முந்நூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளி, மாங்கனிக்கும் நெசவுக்கும் பேர்போன ஓர் ஊரில் இத்தனையும் நடந்தன.

'மந்திரி குமாரி'யையும் அதே ஆண்டு 'பொன்முடி'யையும் இயக்கியவர் அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் பிறந்த எல்லிஸ் ஆர். டங்கன். 1936இல் 'சதி லீலாவதி'யை இயக்கி எம்.ஜி.ஆரைத் திரையில் அறிமுகப்படுத்தியவரும் அவரே. தமிழ் தெரியாமலேயே தமிழ்ப் படங்களை இயக்கிய அவர், நாடு திரும்பிய பிறகும் இந்தியாவில் எடுக்கப்பட்ட ஹாலிவுட் படங்களில் பணியாற்றினார். 'காடு' அவற்றுள் ஒன்று.

லிப்பர்ட்டும் சுந்தரமும் வேறு வேறு உலகத்தவர்கள் என்று தோன்றலாம். தொழில்முறையில் இருவரும் ஒரே இனம். இருவருக்கும் கலையைவிடக் கால்ஷீட் முதலில் தெரியும். போட்ட பணம் எந்தத் தேதியில் திரும்ப வேண்டும் என்று கணக்கிட்டுப் படம் எடுத்தார்கள். லிப்பர்ட்டுக்கு வேண்டியது உண்மையான காடும் உண்மையான யானைகளும். அவற்றை அமெரிக்காவில் உருவாக்க முயன்றால் அவருடைய பட்ஜெட் தாங்காது. சுந்தரத்துக்கு வேண்டியது உலகச் சந்தை. இருவர் தேவையும் ஏற்காடு சாலையில் சந்தித்தன.

'காடு' என்ற படம்

இயக்குநர் வில்லியம் பெர்க், 1948இல் 'ஜங்கிள் ஜிம்' எடுத்தவர். கதை எழுதிய கேரல் யங், டார்சான் படங்களுக்கு எழுதியவர். இருவரும் அமெரிக்க மண்ணிலேயே செயற்கைக் காடு காட்டிப் பழகியவர்கள். ஒளிப்பதிவாளர் கிளைட் டி வின்னா ஆஸ்கர் விருது பெற்ற மூத்த கலைஞர். தென்கடல் தீவுகளிலும் ஆப்பிரிக்காவிலும் வெயிலில் நின்று படம் பிடித்தவர்.

இந்தியச் சமஸ்தானம் ஒன்றில் யானைக் கூட்டங்கள் மிரண்டு கிராமங்களை அழிக்கின்றன. அவற்றை விரட்டுவது பனியுகத்து மாமத யானைகள் என்கிறான் அமெரிக்க வேட்டைக்காரன் ஸ்டீவ் பென்ட்லி. இந்திய வீரன் ராமா சிங் நம்ப மறுக்கிறான். இளவரசி சீதா இருவரையும் அழைத்துக்கொண்டு காட்டுக்குள் போகிறாள். கேமரன் வேட்டைக்காரன், ரொமேரோ ராமா சிங், வின்ட்சர் சீதா. யானைகளுக்கு ரோமப் போர்வை போர்த்தி மாமத யானைகளாக்கினார்கள். படம் செபியா நிறத்தில் வந்தது.

படத்தின் குறைகள் வெளிப்படையானவை. இந்திய இளவரசியாக யூட்டாப் பெண்ணும், இந்திய வீரனாக நியூயார்க்கில் பிறந்த கியூப வம்சாவளி நடிகரும் நடிக்கிறார்கள். அரண்மனையும் ஆட்டமும் அமெரிக்கப் பார்வையாளர் எதிர்பார்த்த இந்தியாவாகத் தோற்றம் கொள்கின்றன. திறமைசாலிகளான இந்திய நடிகர்கள் ஓரமாக நிற்கிறார்கள். இந்த ஏற்பாடு தவறு என்று சொல்லத் தயங்க வேண்டியதில்லை.

ஆனாலும் வின்ட்சரின் நடிப்பில் கவனிக்க வேண்டியது உண்டு. கேலியாகச் செய்துவிட்டுப் போகக்கூடிய வேடம் அது. அவர் அப்படிச் செய்யவில்லை. ஒரு நாட்டை ஆளும் பொறுப்புள்ள பெண்ணாக, நிதானமான குரலில், நேரான முதுகோடு சீதாவை நிறுத்துகிறார். கேமரனும் ரொமேரோவும் ஆறடிக்கு மேல் உயரம். முழங்காலை மடிக்க வேண்டிய தேவை அவருக்கு இந்தப் படத்தில் இல்லை. நிமிர்ந்து நடக்கிற ஓர் உடலின் சுதந்திரம் ஒவ்வொரு காட்சியிலும் தெரிகிறது. கதை நம்பத்தகாதது. அதை நம்பி நடிக்கும் நடிகையால் பார்ப்பவரும் சற்று நேரம் நம்புகிறார். சிறுபட நடிகரின் தொழில் தருமம் இதுதான்: படம் எப்படியிருந்தாலும் தன் பங்கில் குறை வைக்காமல் இருப்பது.

1919இல் பிறந்த இருவர்

'காடு' படத்தில் நடித்த எம்.என். நம்பியாரும் 1919இல் பிறந்தவரே. கண்ணூர்ப் பக்கத்துப் பிள்ளை, நவாப் ராஜமாணிக்கத்தின் நாடகக் கம்பெனியில் வளர்ந்து, 1935இல் 'பக்த ராமதாஸ்' மூலம் திரைக்கு வந்தார். சேலம் அவருக்குப் பெரிய களம் கொடுத்தது. 1950இல் வந்த 'திகம்பர சாமியார்' படத்தில் பத்துக்கும் மேற்பட்ட வேடங்களில் தோன்றினார். அதே ஆண்டு 'மந்திரி குமாரி'யில் ராஜகுரு.

இருவரும் திரையில் தீமையின் முகங்கள். வாழ்க்கையில் அதற்கு நேர் எதிர். நம்பியார் ஆண்டுதோறும் சபரிமலைக்கு மாலை போட்டுச் சென்ற குருசாமி, மது, மாமிசம் தொடாதவர். வின்ட்சர் மார்மன் நெறியில் வளர்ந்தவர். அவர் ஏற்ற துரோகிப் பெண் வேடங்களைப் பார்த்துக் கலங்கிய பார்வையாளர்கள், மனம் திருந்தச் சொல்லி அவருக்கு விவிலியப் பிரதிகளை அனுப்பினார்கள். நம்பியாரை எம்.ஜி.ஆர் ரசிகர்கள் திட்டித் தீர்த்ததைத் தமிழகமே அறியும். நடிப்பு எவ்வளவு ஆழமாகப் பதிந்தது என்பதற்கு இந்த வசையும் விவிலியமும் ஒரே விதமான சான்று.

ஆனால் இருவரின் புகழும் ஒன்றாக இல்லை. இந்த வேறுபாடு நம் கேள்விக்கு விடை தருகிறது. தமிழ் சினிமாவில் இரட்டைக் காட்சி முறை வேரூன்றவில்லை. வில்லன் நடித்த படமும் நாயகன் நடித்த படமும் ஒரே படம்தான். அது நகரத்து அரங்கிலும் ஓடும், டெண்டுக் கொட்டகையிலும் ஓடும். எம்.ஜி.ஆர் முகம் போன ஊருக்கெல்லாம் நம்பியார் முகமும் போனது. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் போன்ற ஸ்டுடியோக்களின் மாதச் சம்பள முறை, ஒரே கூட்டம் தொடர்ந்து சேர்ந்து வேலை செய்யும் வாய்ப்பைத் தந்தது. பார்வையாளர் அந்த முகங்களை ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்தார்.

வின்ட்சருக்கு இது கிட்டவில்லை. இன்று ஆர்கேஓ, நாளை லிப்பர்ட், மறுநாள் பெயர் தெரியாத ஒரு சிறு நிறுவனம். அவர் நடித்த பல படங்கள் இரண்டாம் படமாக வாடகைக்குப் போயின. விமர்சகர் பார்க்கவில்லை, விளம்பரம் செய்யப் பணம் இல்லை. நல்ல நடிப்பு ஒரு படத்தில் இருந்தாலும் அடுத்த படத்துக்குப் பார்வையாளரைக் கொண்டுவர வழியில்லை. பி படத்தின் பொருளாதாரம் நடிகரின் உழைப்பைப் பயன்படுத்தியது, பெயரைச் சேமிக்கவில்லை.

இரண்டு படங்கள், ஒரு சான்று

அந்த முறையையும் மீறி இரண்டு படங்கள் நிலைத்தன. முதலாவது 'தி நேரோ மார்ஜின்'. 1950இல் மிகக் குறைந்த நாள்களில், பெரும்பகுதி ரயில் பெட்டிக்குள் நடப்பதாக எடுக்கப்பட்டு 1952இல் வெளியானது. 'காடு' வந்த அதே ஆண்டு. கொலையுண்ட கும்பல் தலைவனின் மனைவியைச் சாட்சி சொல்லச் சிகாகோவிலிருந்து லாஸ் ஏஞ்சலீஸுக்குக் காவல் அதிகாரி ஒருவர் அழைத்துச் செல்கிறார். வாயாடி, அலட்சியக்காரி, பணப்பித்து என்று தோன்றும் அந்தப் பெண் உண்மையில் மாறுவேடத்தில் வந்த பெண் காவலர் என்பது அவள் இறந்த பிறகே தெரிகிறது. முதல்முறை பார்க்கையில் அந்த நடிப்பு முரட்டுத்தனமாகப் படும். உண்மை தெரிந்து மறுபடி பார்த்தால் ஒவ்வொரு அலட்சியமும் கடமையாக மாறுகிறது. ஒரே அசைவில் இரண்டு மனிதர்களை வைத்திருக்க வேண்டிய வேடம் அது. வின்ட்சர் அதை ஒரு பிசிறும் இல்லாமல் செய்தார். அந்தப் படத்தின் கதை ஆஸ்கர் பரிந்துரை பெற்றது.

அதைப் பார்த்த இளம் இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக் தம்முடைய 'தி கில்லிங்' படத்துக்கு வின்ட்சரையே தேர்ந்தெடுத்தார். 1956இல் வந்த அந்தப் படத்தில், கோழைக் கணவனைச் சொல்லால் சீண்டியே ரகசியத்தைக் கறந்து, கொள்ளைத் திட்டத்தையே குலைக்கும் ஷெர்ரி என்ற மனைவி வேடம். கணவனாக நடித்த எலிஷா குக் குள்ளமானவர். நாயகர்களுக்காக வின்ட்சர் மறைத்துவந்த உயரத்தைக் குப்ரிக் வேண்டுமென்றே காட்டினார். குறை என்று ஒதுக்கப்பட்டது கலையின் கருவியாயிற்று. 'லுக்' இதழ் அவருக்குச் சிறந்த துணை நடிகை விருது அளித்தது.

அதற்குப் பின்னும் பெரிய கதவுகள் திறக்கவில்லை. நிலவில் பூனைப் பெண்கள் வாழ்வதாகக் காட்டும் படத்திலும், ரோஜர் கோர்மனின் சதுப்பு நிலப் படத்திலும் ஏற்கெனவே நடித்திருந்தவர், தொலைக்காட்சித் தொடர்களுக்கு நகர்ந்தார். எழுபதுகளில் ஜான் வெய்ன் படம் ஒன்றில் சிறு வேடம் வந்தது. ஆனால் வேறொரு தளத்தில் அவர் பெரியவரானார். திரை நடிகர் சங்கத்தின் நிர்வாகக் குழுவில் இருபத்தைந்து ஆண்டுகள் பணியாற்றினார். தனித்தனிப் படங்களில் சிதறிக் கிடக்கும் உழைப்புக்குச் சம்பளமும் பாதுகாப்பும் வேண்டும் என்பதை அவரைவிட நன்றாக அறிந்தவர் யார்? ஹாலிவுட் நடைபாதையில் அவர் பெயரில் ஒரு நட்சத்திரம் இருக்கிறது. 2000 டிசம்பரில், எண்பத்தொன்று நிறைவதற்கு ஒரு நாள் முன்பு காலமானார்.

எஞ்சியிருப்பவை

சுந்தரம் 1963இல் மறைந்தார். 1980களின் தொடக்கத்தோடு மாடர்ன் தியேட்டர்ஸின் தயாரிப்பு நின்றது. தளங்கள் இடிந்து, நிலம் வேறு பயனுக்கு மாறி, முகப்பு வளைவு மட்டும் ஏற்காடு சாலையில் நிற்கிறது. அங்கே எடுத்த 'பாலன்' படத்தின் பிரதி இன்று இல்லை. புகைப்படங்களும் பாட்டுப் புத்தகமும்தான் மிச்சம். தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' கதியும் அதுதான். 'தி ஜங்கிள்' ஆங்கில வடிவம் பிழைத்திருக்கிறது. அமெரிக்கச் சிறுபட ஆர்வலர்கள் அந்த வகைப் படங்களைத் தேடித் திரட்டி, அவற்றில் நடித்தவர்களை முதுமையில் சந்தித்துப் பேட்டி எடுத்து அச்சிட்டார்கள். வின்ட்சரின் சொற்கள் நமக்குக் கிடைப்பதும் அந்த உழைப்பால்தான்.

அத்தகைய முயற்சி நம்மிடம் போதிய அளவு நடக்கவில்லை. சேலத்துத் தளங்களில் மாதச் சம்பளத்துக்கு நடித்த துணை நடிகர்கள், நடனக் குழுப் பெண்கள், சண்டைக்காரர்கள், யானைகளுக்கு ரோமப் போர்வை போர்த்திய தொழிலாளர்கள் ஆகியோரைப் பற்றிய முறையான பட்டியலாவது வேண்டும். இன்று அதே பகுதியில் நாமக்கல் வட்டாரப் பேச்சோடு, பெருமாள்முருகனின் கதையை வைத்து எடுத்த 'சேத்துமான்' போன்ற சிறிய சுதந்திரப் படங்கள் வருகின்றன. அவற்றுள் சில அரங்குக்கே வராமல் நேராக ஓடிடியில் இறங்குகின்றன. பெரிய படங்களுக்கு நடுவே அவற்றின் நடிகர்கள், வின்ட்சரைப் போலவே, ஒரு படத்திலிருந்து அடுத்ததற்குப் பெயரைக் கொண்டுபோக வழியின்றி நிற்கிறார்கள். வாடகை முறை மாறியது, விளைவு மாறவில்லை.

செய்ய வேண்டியது தெளிவு. சேலம், நாமக்கல் கல்லூரிகளின் தமிழ்த் துறைகளும் காட்சித் தொடர்பியல் துறைகளும் மாடர்ன் தியேட்டர்ஸில் பணியாற்றியவர்களின் குடும்பங்களைத் தேடிச் சென்று வாய்மொழி வரலாற்றைப் பதிவு செய்யலாம். வீடுகளில் கிடக்கும் பாட்டுப் புத்தகங்கள், ஸ்டில்கள், சம்பளச் சீட்டுகள் ஆகியவற்றை ஸ்கேன் செய்து சேலத்திலேயே ஓர் ஆவணக் காப்பகம் தொடங்கலாம். இன்றைய சிறுபடங்களின் நடிகர்களைப் பற்றி, படம் வந்த வாரமே, பெயர் சொல்லி எழுதலாம். இவற்றுக்குப் பெரும் பணம் தேவையில்லை. இந்தக் கட்டுரையைப் படிக்கும் சேலத்து, நாமக்கல் வாசகர்கள் தங்கள் வீட்டுப் பழைய பெட்டிகளை ஒருமுறை திறந்து பார்க்க வேண்டும். அதில் ஒரு சினிமாப் புகைப்படம் இருந்தால், அதில் நிற்பவர்களின் பெயர்களை இன்றே பின்புறத்தில் எழுதி வைக்க வேண்டும்.